சொல்தா பாட்டின் வேகம்

புருஷோத்தமன் ஒரு டீயை முழுதாகக் குடித்து நான் பார்த்ததில்லை. பாதி கிளாஸ் உள்ளே போனதும் கால் ஆட ஆரம்பித்துவிடும். மீதி பெஞ்சிலேயே ஆறிக் கிடக்கும். சினிமாவுக்குக் கூட்டிப்போனால் இடைவேளையோடு எழுந்து வந்துவிடுவான். எங்கள் ஊர் ஓரத்து மேட்டுப்பாளையத்தில் பிளாஸ்டிக் வாளி வார்க்கிற கம்பெனியில் அவனுக்கு வேலை. அச்சு மூடும், திறக்கும், வாளி விழும். அந்த நடுவிலே கிடைக்கிற நேரத்தைக்கூட அவனால் சும்மா கழிக்க முடியாது, இடுப்பில் விரலை வைத்து எதையாவது வாசித்துக்கொண்டே நிற்பான். இப்படிப்பட்ட ஆளுக்கு வாய்த்த இன்னொரு வேலை, சாவு ஊர்வலத்தில் சாக்ஸபோன் ஊதுவது. ஊரிலேயே மெதுவாக நடக்கிற கூட்டத்துக்கு முன்னால், ஊரிலேயே பொறுமை இல்லாத மனுஷன்.

நான் தணிகாசலம். அரியாங்குப்பத்தில் மோட்டாருக்குக் காயில் கட்டுகிறேன். முதலியார்பேட்டையில் சுப்ரமணி மாஸ்டர் நடத்துகிற பேண்டு செட்டில் சைடு டிரம் என்னுடையது. புருஷோத்தமனுக்கு இரண்டடி பின்னால் நடப்பதே என் இடம் என்பதால், அவனுடைய பிடரியை அவன் பெண்டாட்டி சொர்ணத்தைவிட நான்தான் அதிகம் பார்த்திருப்பேன்.

எங்கள் செட்டுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது ஒரே ஒரு பாட்டு. சொல்தா பாட்டு என்பார்கள். பிரெஞ்சு பட்டாளத்தில் இருந்துவிட்டுப் பென்ஷனோடு ஊர் திரும்பிய ஒரு சிப்பாய், எங்கள் ஊர்ப் பேச்சில் சொல்தா, இறந்தபோது முதன்முதலாக வாசித்ததாம், அதனால் அந்தப் பெயர். வார்த்தை கிடையாது. சாக்ஸ் அடித்தொண்டையில் இழுத்து இழுத்துப் போகும், நான் துணி கட்டிய டிரம்மில் ஒரு தட்டு, பெரிய டிரம்காரர் ஒரு தட்டு, அவ்வளவுதான். கல்லும் கரையும். துக்க வீட்டில் பேண்டு சொல்ல வருகிறவர்கள், "வேற எது வாசிச்சாலும் வாசிக்கலன்னாலும் சொல்தா பாட்டு மட்டும் உடாதீங்க" என்று சொல்லிவிட்டுத்தான் போவார்கள். புருஷோத்தமன் அதை ஊதினால் வாசலில் சீட்டாடிக்கொண்டிருக்கிறவர்கள்கூட சீட்டைக் கவிழ்த்து வைப்பார்கள். அவன் முகம் மட்டும் பல்வலிக்காரன் முகம் போல இருக்கும். சோகத்தில் அல்ல. எப்போது முடியும் என்று.

வினை ஒரு ஜூலை பதினாலாம் தேதி, பிரெஞ்சுக்காரர்களின் தேசிய நாளில், வந்தது. சொல்தாக்களின் அணிவகுப்புக்கு வாசித்துவிட்டு, சிவப்பு கோட்டும் வியர்வையுமாக பழைய பிரெஞ்சுக்காரர் பகுதியான ஒயிட் டவுன் தெரு ஒன்றில் நடந்து வந்துகொண்டிருந்தோம். ஒரு காபிக் கடையின் கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு யாரோ வெளியே வர, உள்ளே இருந்து பாட்டுச் சத்தம் தெருவில் கொட்டியது. புருஷோத்தமன் நின்றான். தானாக நிற்கிற ஆளில்லை அவன்.

"தணிகா, இது நம்ம பாட்டுடா."

"எது?"

"சொல்தா பாட்டு. கேளு. ஓடுது பாரு!"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. உள்ளே சாக்ஸபோன் ஒன்று தலைதெறிக்க ஓடிக்கொண்டிருந்தது, பின்னாலேயே டிரம் துரத்திக்கொண்டிருந்தது. வெயில் ஏறிவிட்டது இவனுக்கு என்று நினைத்தேன். அவன் சாக்ஸை மார்போடு அணைத்துக்கொண்டு உள்ளே போய், கல்லாவில் இருந்த பெண்ணிடம் அது என்ன பாட்டு என்று கேட்டான். அந்தப் பெண் போனைத் திருப்பிக் காட்டினாள். "க்விக், மேபல்." பாரிஸில் பதிவு செய்தது, 1953.

வெளியே வந்ததும் அவன் விசிலில் எங்கள் பாட்டை மெதுவாக அடித்தான். பிறகு அதையே கொஞ்சம் வேகமாக. பிறகு இன்னும் வேகமாக. மூன்றாம் தடவையில் எனக்கே மயிர்க்கூச்செறிந்தது. அதேதான். ஒரு ஸ்வரம் கூட மாறவில்லை.

அன்றிலிருந்து அவனுக்குப் பாதி டீயும் இறங்கவில்லை. எப்படி இது நடந்தது என்று தெரிந்தாக வேண்டும் அவனுக்கு. அந்தப் பழைய சொல்தாவின் மகன் தேவதாஸ் இன்னும் அதே வீட்டில்தான் இருக்கிறார், அவரிடம் என்னையும் இழுத்துக்கொண்டு போனான். தேவதாஸ் நல்ல மனிதர், உட்கார வைத்துப் பேசினார்.

"பப்பா பாரீசுலேர்ந்து கொண்டாந்த திஸ்க், பாட்டுத் தட்டு அது. சின்ன திஸ்க், நாப்பத்தஞ்சு ஸ்பீடு. அவரு செத்தப்ப, அவருக்குப் பிடிச்ச பாட்டு, அத வாசிங்கன்னு அம்மா கேட்டாங்க. உங்க பழைய மாஸ்டர் இதோ இந்தக் கூடத்துல உக்காந்து கேட்டு எழுதிக்கிட்டாரு."

"அப்ப ஏன் மெதுவா வாசிச்சாரு?"

"மிஷின் அப்பவே ரிப்பேரு. பெரிய தட்டுக்கு இருக்கற முப்பத்திமூணு ஸ்பீடு மட்டும்தான் சுத்தும். நாங்களும் பாட்டு அப்படித்தான்னு நெனச்சிட்டோம். பப்பா ஒண்ணும் சொல்லல. கண்ண மூடிக்கிட்டுக் கேப்பாரு."

அவ்வளவுதான் விஷயம். சின்னத் தட்டு வேகமாகச் சுற்ற வேண்டும், பெரிய தட்டு மெதுவாக. சின்னத் தட்டைப் பெரிய தட்டின் வேகத்தில் சுற்றவிட்டால் பாட்டு இழுக்கும், குரலும் கட்டையாகும். ஒரு கெட்டுப்போன மிஷின் துள்ளுகிற பாட்டைப் பாதி படுக்க வைத்தது, மீதியைப் பாடையின் நடை பார்த்துக்கொண்டது. எழுதிக்கொண்ட மாஸ்டர் செத்து, அவருக்கும் அதையே வாசித்து, அதற்குப் பிறகு எத்தனை பேருக்கு. நான் விழுந்து விழுந்து சிரித்தேன். புருஷோத்தமன் சிரிக்கவில்லை.

"சிரிக்கிற பாட்டுடா அது. அழுவுறவங்க முன்னாடி அத நொண்ட வெச்சு இழுத்துக்கிட்டுப் போயிருக்கேன். எத்தன வருசம்!"

"யாருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரிஞ்சு போச்சே."

அதற்குப் பிறகு அவன் அந்தப் பாட்டின் ஜாதகத்தையே எடுத்துவிட்டான். கம்பெனி பஸ்ஸில், சாப்பாட்டு நேரத்தில், செட் வேனில், எங்கே பார்த்தாலும் காதில் ஒயர். தனக்குத் தெரிந்ததைத் தெரியாதவன் காதில் ஊதாவிட்டால் அவனுக்குத் தலை வெடித்துவிடும் என்பதால் எனக்கும் எல்லாம் பாடமாயிற்று. பாட்டை உண்டாக்கியவர் எல்வுட் பெட்டிஸ் என்ற ட்ரம்பெட்காரர், நியூயார்க், 1947. அந்தக் காலத்தில் பீபாப் என்கிற வேகமான ஜாஸ் வாசிக்கிற ஆட்கள் ஒரு வேலை செய்வார்களாம். எல்லோருக்கும் தெரிந்த பழைய காதல் பாட்டு ஒன்றின் அடித்தளத்தை அப்படியே வைத்துக்கொண்டு, மேலே புதுசாக ஒரு மெட்டைக் கட்டிவிடுவார்கள். தரைத்தளம் பழைய வீடு, மாடி மட்டும் புதுசு. மேபல் யார் என்பதில் தகராறு உண்டு. அவர் பெண்டாட்டி என்றும், எப்போதும் ரயிலுக்குத் தாமதமாகக் கிளம்புவாள் என்றும் ஒரு கட்சி. அவர் பணம் கட்டின பந்தயக் குதிரை என்று இன்னொரு கட்சி. புருஷோத்தமன் பெண்டாட்டி கட்சி, நான் குதிரை.

முதல் பதிவு மூன்று நிமிஷத்துக்குள் அடங்கியது, அந்தக் காலத்துத் தட்டில் அவ்வளவுதான் பிடிக்கும். பியானோக்காரர் தன் முறை வந்து வாய் திறப்பதற்குள் பாட்டு முடிந்துவிடும். பாரிஸ் பதிவு ஒரு நிலவறைக் கிளப்பில் எடுத்தது, அதுதான் சொல்தா வாங்கி வந்தது. அதில் ட்ரம்பெட் இல்லை, சாக்ஸ்தான், பெட்டிஸ் வாசித்ததைவிடவும் வேகம். நடுவில் பாஸ் என்கிற பெரிய தந்தி வாத்தியம் வாசிக்கிறவர் வழி தவறிப்போவதும், கூட்டத்தில் யாரோ கத்துவதும், அவர் மறுபடி வந்து ஒட்டிக்கொள்வதும் அப்படியே கேட்கும். பிறகு ஒரு பாடகி அதற்கு வார்த்தை போட்டுப் பாடினாள், ஷூவைத் தேடுகிற பெண்ணையும் கிளம்புகிற ரயிலையும் பற்றி. டோக்கியோவில் மூன்று பேர் மெட்டையே தொடாமல் பாதி தூரம் போய்விட்டுத் திடீரென்று அதில் குதித்தார்கள். கடைசியாக, கிழவராகிவிட்ட பெட்டிஸ் கோபன்ஹேகனில் வாசித்தது. அதே வேகத்தில் கிளம்புவார். மூச்சு வாங்கும். பாதியில் நிறுத்திவிட்டுச் சிரிப்பார். மீதியை டிரம்காரர் முடித்து வைப்பார்.

"பாத்தியா?" என்றான் புருஷோத்தமன். "மூச்சே போனாலும் மனுசன் மெதுவா வாசிக்கல. இத்தன ரெக்கார்டுல ஒருத்தன்கூட மெதுவா வாசிக்கல. நாமதான்."

கம்பெனியில் சாப்பாட்டு மணி அடித்ததும் குடோனுக்குப் பின்னால் போய் அந்த வேகத்துக்கு விரலைப் பழக்கினான். வாளிகள் அடுக்கியிருக்கிற இடத்தில் எதிரொலி வேறு. வீட்டில் வாசித்தால் சொர்ணம் விடமாட்டாள். "சாவுப் பாட்ட வூட்ல ஊதாதன்னு எத்தன வாட்டி சொல்றது" என்பாள். "இது சாவுப் பாட்டு இல்லடி" என்று அவன் கத்த, அவள் டிவியைச் சத்தமாக வைப்பாள்.

பிறகுதான் ஆபத்தான வேலையைத் தொடங்கினான். ஊர்வலத்தில் கொஞ்சம் கொஞ்சமாக வேகத்தைக் கூட்ட ஆரம்பித்தான். முதலில் யாருக்கும் தெரியவில்லை, எனக்கும் மாஸ்டருக்கும் தவிர. மாஸ்டர் ஒரு நாள் பிடித்துக்கொண்டார்.

"புருஷு, பாட்டு ஓடுது."

"அது ஓடுற பாட்டு மாஸ்டர்."

"பாட்டு எப்படியோ போவட்டும். பாடைய தூக்கறவன் உன் காலுக்குத்தான்டா நடப்பான். அத மறந்துடாத."

அது உண்மை. பேண்டு எப்படிப் போகிறதோ அப்படித்தான் பாடை போகும். தூக்குகிறவர்கள் வேண்டுமென்று செய்வதில்லை, கால் தானாகத் தாளத்தில் விழுந்துவிடும். புருஷோத்தமன் தலையை ஆட்டினான். ஆனால் அவன் தலையாட்டலை நம்புகிறவன் முட்டாள்.

தேங்காய்த்திட்டில் அரிகிருஷ்ணன் என்று ஒரு படகுக்காரர். துறைமுகத்தில் மீன் ஏலம் நடந்துகொண்டிருக்கும்போதே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர், எழுந்திருக்கவில்லை. மறுநாள் எடுத்தார்கள். நல்ல வெயில், நல்ல கூட்டம், தூக்க வந்தவர்கள் எல்லாம் இளவட்டங்கள், பாதிப் பேர் தண்ணியில். பாடை கிளம்பியதும் புருஷோத்தமன் சொல்தா பாட்டை எடுத்தான். எடுத்த எடுப்பிலேயே பாரிஸ் வேகம். பின்னாலிருந்து மாஸ்டர் "டேய், டேய்" என்கிறார். நான் தட்டைத் தாமதப்படுத்தி இழுத்துப் பார்த்தேன், மாட்டு வண்டி பஸ்ஸை இழுத்த கதைதான். அவன் பிடரி முழுக்க வியர்வை. விரல்கள் பறந்தன. சொல்லக் கூடாது, ஆனால் சொல்கிறேன், அவன் அப்படி வாசித்து நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. இளவட்டங்களுக்குக் கொண்டாட்டம். பாடை குலுங்கிக்கொண்டே கிட்டத்தட்ட ஓட்டத்தில் தெருவைக் கடந்து முச்சந்தியில் திரும்பிவிட்டது. பின்னால் பெண்களின் அழுகைச் சத்தம் தூரமாகி, நின்றுபோனது.

சுடுகாட்டு வாசலில் கோட்டைக் கழற்றும்போது புருஷோத்தமனுக்கு முகம் கொள்ளாத சிரிப்பு.

"இன்னிக்குத்தான்டா சரியா வாசிச்சேன்."

வேனில் ஏறும்போது மாஸ்டர், "அடுத்த சாவுக்கு நீ வர வேணாம்" என்றார். ஆனால் செட்டில் வேறு சாக்ஸ் இல்லை, அது இரண்டு பேருக்கும் தெரியும்.

அரிகிருஷ்ணனுக்குக் கருமாதி முடிந்த அந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை காலையில், பேண்டு ரூம் வாசலில் ஒரு ஷேர் ஆட்டோ வந்து நின்றது. இறங்கியது அவர் மனைவி பாக்யலட்சுமி. வெறும் நெற்றி. துறைமுகத்தில் ஏலம் எடுத்து மார்க்கெட்டுக்கு மீன் அனுப்புகிறவள், சாதாரணமாகப் பேசினாலே தெரு முழுக்கக் கேட்கும். அன்று மெல்லத்தான் கேட்டாள்.

"அன்னிக்கு சாக்ஸு ஊதுனது யாரு?"

புருஷோத்தமன் முந்திக்கொண்டு வந்தான். பாராட்ட வந்திருக்கிறாள் என்று நினைத்துவிட்டான், மடையன்.

"நான்தான்க்கா."

"ஏம்ப்பா, எங்க வூட்டுக்காரர எதுக்கு அப்பிடி வெரட்டிக்கிட்டுப் போன?"

அவனுக்குச் சிரிப்பு அப்படியே நின்றது. பிறகு, எங்களிடம் சொன்ன மாதிரியே அவளிடமும் ஆரம்பித்துவிட்டான். மிஷின் ரிப்பேர், பாரிஸ், பெட்டிஸ், ரயிலுக்குத் தாமதமாகிற பெண்டாட்டி. போனை எடுத்துப் பாட்டையும் போட்டான். மாஸ்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். பாக்யலட்சுமி குறுக்கே பேசாமல் பாட்டு முடிகிற வரை நின்று கேட்டாள்.

"நல்லாத்தான் இருக்கு" என்றாள். "அந்த ஊர்ல பொம்பளைங்க சுடுகாடு வரைக்கும் போவாங்களா?"

"போவாங்கக்கா."

"அப்ப அவங்களுக்கு என்னா, எவ்ளோ வேகமா வேணா வாசிக்கலாம். எனக்கு முச்சந்தி வரைக்கும்தான். அதத் தாண்டி உட மாட்டாங்க. வாசல்லேர்ந்து முச்சந்தி, அந்தத் தெரு ஒண்ணுதான் எனக்கு இருந்துச்சு அவரு கூட நடக்க. நான் படியிறங்கிப் பொடவைய இழுத்து சொருவறதுக்குள்ள நீ அவர முக்குல திருப்பிட்ட. ஓடி வந்தேன். தூக்கிக்கிட்டுப் போனவங்க முதுகுகூடப் பாக்கல."

புருஷோத்தமன் என்னைப் பார்த்தான். நான் கூரையைப் பார்த்தேன். எத்தனை சாவுகளில் அந்த முச்சந்தியைக் கடந்திருக்கிறோம்! நாங்கள் முன்னால் நடக்கிறவர்கள். பின்னால் வருகிற பெண்கள் நின்றுவிடுவது தெரியும், எவ்வளவு தூரம் வந்து நின்றார்கள் என்று ஒரு நாளும் திரும்பிப் பார்த்ததில்லை. அந்தப் பாட்டு இவ்வளவு மெதுவாக இருந்ததில் யாருக்கு என்ன லாபம் என்று எங்களுக்கு எப்படித் தெரியும்?

"மாமனாருக்கு இதே பாட்டுதான் வாசிச்சீங்க" என்றாள் அவள். "எங்க மாமியா முழுத் தெருவும் பாடைய புடிச்சிக்கிட்டே வந்தாங்க. எல்லா சண்டையும் சொல்லி அழுது முடிச்சிட்டுத்தான் முக்குல கைய உட்டாங்க. நானும் அதத்தான் கேட்டேன். சொல்தா பாட்டு உடாதீங்கன்னு தம்பிய உட்டு சொல்லி அனுப்பிச்சேன்."

புருஷோத்தமன் போனை அணைத்துப் பைக்குள் போட்டான். "நான் என்னா செய்யணும்க்கா?" என்றான்.

"வந்து வாசி. நான் நடக்கணும்."

மாஸ்டர் பதறிவிட்டார். "பொணம் இல்லாத தெருவுல சாவுப் பாட்டு வாசிக்கக் கூடாதும்மா. யாரையாவது கூப்புடற மாதிரி ஆயிடும். தெருவுல அடிக்க வருவாங்க."

"வர்றவங்களுக்கு நான் பதில் சொல்றேன்" என்றாள் பாக்யலட்சுமி. இப்போது குரல் பழையபடி தெரு முழுக்கக் கேட்டது.

மாஸ்டர் வரவில்லை. நான் டிரம்மைத் தோளில் மாட்டிக்கொண்டேன். ஏன் என்று கேட்டால், சாக்ஸ் மட்டும் போனால் அவன் மறுபடி ஓடிவிடுவான் என்று பயம்.

தேங்காய்த்திட்டில் அவள் வீட்டு வாசலில் நாங்கள் இரண்டு பேர்தான், சிவப்பு கோட்டும் இல்லை. அவன் முதல் ஸ்வரத்தை எடுத்ததுமே கதவுகள் திறந்தன. "யாருக்கு? யாருக்குடி?" என்று ஒவ்வொரு வாசலிலும் பதறினார்கள். எதிர்வீட்டுக்காரர் ஒருவர் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு எங்களை நோக்கி வந்தார். பாக்யலட்சுமி அவரைப் பார்த்துக் கையை மட்டும் காட்டினாள். அவர் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டார்.

அவள் எங்கள் பக்கத்திலேயே நடக்க ஆரம்பித்தாள். வலது கையைப் பக்கவாட்டில் கொஞ்சம் தூக்கி, மூங்கிலைப் பிடித்த மாதிரி வைத்துக்கொண்டாள். புருஷோத்தமன் விரலுக்கு அந்த வேகம் பழகிப்போய்விட்டது போலிருக்கிறது, நான்கு வீடு தாண்டுவதற்குள் பாட்டு ஓடப் பார்த்தது. அவள் நின்று அவன் முகத்தைப் பார்த்தாள். அவன் பிடரி சுருங்கியது. பிடித்து நிறுத்தி, அடித்தொண்டைக்கு இறங்கி, பழைய மாஸ்டர் எழுதியதைவிடவும் மெதுவாக ஒவ்வொரு மூச்சாக விட்டான். அடுத்த தட்டு எப்போது என்று தெரியாமல் என் குச்சி காற்றில் காத்துக்கொண்டிருந்தது. எனக்கே பொறுக்கவில்லை, இந்தப் பரபரப்புக்காரன் எப்படித்தான் தாங்குகிறானோ என்று. அவன் அடி மாறவில்லை.

அவள் பேசிக்கொண்டே வந்தாள். எங்களிடம் அல்ல. படகு டீசலைப் பற்றி ஏதோ, மச்சான் வீட்டுக் கல்யாணத்துக்கு வராமல் இருந்ததைப் பற்றி ஏதோ. ஒரு இடத்தில் நன்றாகத் திட்டினாள். ஒரு இடத்தில் சிரித்தாள்.

முச்சந்தி வந்தது. பாட்டு இன்னும் பாதிதான் ஆகியிருந்தது. நின்றாள். நாங்களும் நின்றோம், புருஷோத்தமன் சாக்ஸை வாயிலிருந்து எடுத்தான்.

"நீ ஏன் நிக்கற?" என்றாள். "நான்தான் நிக்கணும். நீ ஊதிக்கிட்டே போ. அவர கொண்டு போய் உட்டுட்டு வா."

பக்கவாட்டில் தூக்கியிருந்த கையை அவள் கீழே விட்டாள். நாங்கள் அவளைத் தாண்டி, முக்கில் திரும்பி, ஆளில்லாத சுடுகாட்டு ரோட்டில் அதே வேகத்தில் வாசித்துக்கொண்டே போனோம்.